கடாரத்தின் பெயர் தாங்கிய கப்பல்: தொலைகடல் ரோந்துக் கலத்தின் அமைப்பும் பணியும்

ஒரு சொல்லில் தொடங்குவோம்

நாளிதழ்களிலும் வானொலிச் செய்திகளிலும் 'கடலோர ரோந்துக் கப்பல்' என்னும் தொடரை நாம் அடிக்கடி சந்திக்கிறோம். கடலோரம் என்றால் கரையை ஒட்டிய பகுதி என்பதே பொருள். ஆனால் அத்தொடரால் சுட்டப்படும் கப்பல்களுள் ஒருவகை, கரையை விட்டு நெடுந்தொலைவு விலகி, நிலமே கண்ணுக்குத் தெரியாத நீர்ப்பரப்பில் வாரக்கணக்கில் உலவுவதற்கென்றே வடிவமைக்கப்பட்டதாகும். கரையை ஒட்டிச் செல்லும் கலம் வேறு; கரையை விட்டு விலகிச் செல்லும் கலம் வேறு. இரண்டையும் ஒரே சொல்லால் குறித்துவிட்டால், இரண்டாவது கலம் ஏன் அத்தனை நீளமாக இருக்கிறது, ஏன் அது விரைவைக் குறைத்துக்கொண்டு எரிபொருளைச் சேமிக்கிறது, ஏன் அதன் பின்பகுதியில் ஹெலிகாப்டர் இறங்கும் தளம் இருக்கிறது என்னும் வினாக்களுக்கு விடை கிடைக்காமற் போய்விடும்.

எனவே, இக்கட்டுரையில் அவ்வகைக் கலத்தைத் 'தொலைகடல் ரோந்துக் கப்பல்' என்றே குறிப்பிடுவோம். பொதுப்படையாகப் பேசுவதைக் காட்டிலும் ஓர் உண்மைக் கப்பலை எடுத்துக்கொண்டு பேசுவது மாணவர்க்குப் பயன் தரும். அதற்கு நாம் தேர்ந்துகொள்வது, அரச மலேசியக் கடற்படையைச் சேர்ந்த கே.டி. கெடா என்னும் கப்பலும் அதன் உடன்பிறந்த ஐந்து கப்பல்களும் ஆகும்.

காக்க வேண்டிய கடல்

ஒரு கப்பல் எப்படி அமைய வேண்டும் என்பதை அது பணியாற்றும் கடலே முடிவு செய்கிறது. மலேசியா இரு பெரும் நிலப்பகுதிகளைக் கொண்ட நாடு. தீபகற்பம் ஒருபுறமும் சபா, சரவாக் மாநிலங்கள் மறுபுறமும் இருக்க, இடையே தென்சீனக் கடல் 600 கிலோமீட்டருக்கும் மேலாக விரிந்து கிடக்கிறது. கோத்தா கினபாலுவிலிருந்து வடமேற்கே ஏறத்தாழ 300 கிலோமீட்டர் தொலைவில் உள்ள லாயாங் லாயாங் தீவிலும் கடற்படையின் நிலையம் ஒன்று உள்ளது.

கடல்மைல் என்பது 1.852 கிலோமீட்டர். கடற்கரையிலிருந்து 12 கடல்மைல் வரை, அதாவது சுமார் 22 கிலோமீட்டர் வரை, ஒரு நாட்டின் ஆட்சிக்குட்பட்ட கடற்பரப்பாகும். 1982ஆம் ஆண்டின் ஐக்கிய நாடுகள் கடற்சட்ட உடன்படிக்கை இதற்கு அப்பாலும் ஓர் உரிமையை வழங்குகிறது. கரையிலிருந்து 200 கடல்மைல் வரை, அதாவது ஏறத்தாழ 370 கிலோமீட்டர் வரை, மீன்வளத்திற்கும் கடலடி எண்ணெய், எரிவாயு ஆகியவற்றிற்கும் அந்நாடு உரிமை கொண்டாடலாம். இதனைத் தனிப் பொருளாதார மண்டலம் என்பர். மலேசியா இதற்கான சட்டத்தை 1984இல் இயற்றியது. உடன்படிக்கையை 1996இல் உறுதி செய்தது. அண்டை நாடுகள் அருகருகே இருக்கும் மலாக்கா நீரிணை போன்ற இடங்களில் முழு 200 கடல்மைலுக்கு இடமில்லை. கிழக்கே தென்சீனக் கடலில் இருக்கிறது. அங்கு அண்டை நாடுகளின் உரிமைக் கோரிக்கைகள் ஒன்றன்மேல் ஒன்றாகப் படிந்தும் கிடக்கின்றன.

சட்டம் உரிமையைத் தருகிறது. அந்த உரிமையைக் காக்கும் பணி கப்பல்களுடையது. வயலுக்கு வரப்பு உண்டு. கடலுக்கு வரப்பு இல்லை. வரப்பில்லா நிலத்தைக் காப்பவன் அங்கே இருந்துகொண்டே இருக்க வேண்டும். ரோந்து என்பதன் உட்பொருள் இதுதான். எதிரியைத் தேடிச் சென்று தாக்குவது போர்க்கப்பலின் தலையாய பணி என்றால், ஓரிடத்தில் காணப்பட்டுக்கொண்டே இருப்பது ரோந்துக் கப்பலின் தலையாய பணி. கெடா வகைக் கப்பலின் ஒவ்வோர் உறுப்பையும் இக்கருத்தை மனத்திற்கொண்டு நோக்கினால் அதன் காரணம் தெளிவாகும்.

கடாரம் என்னும் பெயர்

மலேசியக் கடற்படைக் கப்பல்களின் பெயர்களுக்கு முன் கே.டி. என்னும் இரண்டெழுத்து வரும். 'காப்பால் டிராஜா', அதாவது அரசரின் கப்பல் என்னும் மலாய்த் தொடரின் சுருக்கம் அது. இத்தொடரில் வரும் 'காப்பால்' நம் 'கப்பல்' என்னும் சொல்லே. தமிழ் வணிகரோடும் கடலோடிகளோடும் சென்று மலாய் மொழியில் குடியேறிய சொற்களுள் அதுவும் ஒன்றென மொழியறிஞர் கூறுவர்.

ஆறு கப்பல்களும் மலேசிய மாநிலங்களின் பெயர்களைத் தாங்கியவை: கெடா, பகாங், பேரா, திரெங்கானு, கிளந்தான், சிலாங்கூர். இவற்றுள் கெடாவைத் தமிழர் கடாரம் என்றழைத்தனர். ஏறத்தாழ 1025ஆம் ஆண்டில் முதலாம் இராசேந்திர சோழனின் கடற்படை இப்பகுதிமேல் படையெடுத்ததைச் சோழர் கல்வெட்டுகள் கூறுகின்றன. 'கடாரங்கொண்டான்' என்னும் பட்டமும் அவனுக்கு வழங்கியது. அன்று அப்பெயர் வெற்றி கொள்ளப்பட்ட ஊரின் பெயர். இன்று அதே பெயர், தன் கடலைத் தானே காக்கும் நாட்டின் கப்பலில் எழுதப்பட்டிருக்கிறது. இந்நாட்டின் குடிமக்களாகிய தமிழர் இவ்விரண்டில் எதனைத் தமதெனக் கருத வேண்டும் என்பதை மாணவர் தாமே எண்ணிப் பார்க்கலாம். பழம்பெருமை பேசுவது எளிது. இன்று அப்பெயரைத் தாங்கிய கலம் எவ்வாறு இயங்குகிறது என்று அறிவதற்குச் சற்று உழைக்க வேண்டும்.

நீளமும் அலையும்

கெடா வகைக் கப்பலின் நீளம் சுமார் 91 மீட்டர். அகலம் ஏறத்தாழ 13 மீட்டர். முழுச் சுமையுடன் அதன் எடை ஏறத்தாழ 1,850 டன். ஓட்டப் பந்தயப் பாதையின் நேர்ப்பகுதி முழுவதையும் அடைத்துக்கொள்ளும் நீளம் என்று மாணவர் கற்பனை செய்துகொள்ளலாம். அதே வேளையில், பெரிய போர்க்கப்பல்களோடு ஒப்பிட்டால் இது சிறிய கப்பலே.

கரையோரக் காவலுக்கு 30 அல்லது 40 மீட்டர் நீளமுள்ள விரைவுப் படகுகள் போதுமே, பின் ஏன் 91 மீட்டர்? இதற்கு விடை அலையில் உள்ளது. நவம்பர் தொடங்கி மார்ச் வரை வீசும் வடகிழக்குப் பருவக்காற்றில் தீபகற்பத்தின் கிழக்குக் கரையோர மீனவர் படகுகளைக் கரையேற்றிவிடுவர். அக்காலத்தும் ரோந்து நின்றுவிடக் கூடாது. சிறிய படகு ஒவ்வோர் அலையின்மீதும் ஏறி, அடுத்த பள்ளத்தில் விழுகிறது. அதன் முன்பகுதி நீரில் மோதும் ஒவ்வொரு முறையும் உள்ளிருப்போர் நிலைகுலைவர்; உறங்க முடியாது, உண்ண முடியாது, துல்லியமாக எதையும் பார்க்கவும் முடியாது. நீண்ட கப்பலோ ஒரே நேரத்தில் ஒன்றுக்கு மேற்பட்ட அலைகளின்மேல் படிந்து செல்கிறது. அதன் ஆட்டம் குறைகிறது. கடல் தாங்கும் திறன் என்று கப்பல் பொறியாளர் கூறுவது இதைத்தான். கருவிகளைவிட முதலில் களைத்துப்போவது மனிதனே என்பதால், மாலுமியின் உறக்கத்தையும் கணக்கிற்கொண்டு கப்பலின் நீளம் முடிவாகிறது.

நீருக்குள் மூழ்கியிருக்கும் ஆழம் சுமார் மூன்றரை மீட்டர்தான். ஆழம் குறைந்திருப்பதால் சிறிய துறைமுகங்களை அணுகுவதும், பவளத்திட்டுகள் மிகுந்த நீர்ப்பரப்பில் எச்சரிக்கையோடு நடமாடுவதும் இதற்கு எளிதாகின்றன.

விரைவும் எரிபொருளும்: ஒரு வகுப்பறைக் கணக்கு

இக்கப்பலை இரண்டு டீசல் எஞ்சின்கள் இயக்குகின்றன. ஒவ்வொன்றும் ஓர் உந்துசுழலியைச் சுழற்றுகிறது. சுழலியின் இதழ்களுடைய சாய்வைத் தேவைக்கேற்ப மாற்றிக்கொள்ளலாம். எனவே எஞ்சினின் சுழற்சித் திசையை மாற்றாமலேயே கப்பலை மெதுவாகவோ விரைவாகவோ பின்னோக்கியோ செலுத்த இயலும். ஓர் எஞ்சின் பழுதானாலும் மற்றொன்றைக் கொண்டு கரை திரும்பலாம். உச்ச விரைவு மணிக்கு 22 கடல்மைல், அதாவது சுமார் 41 கிலோமீட்டர். நகரச் சாலையில் ஒரு பேருந்து செல்லும் விரைவு அது.

போர்க்கப்பலுக்கு இது போதுமா என்று மாணவர் கேட்கக்கூடும். இங்குதான் ஒரு நல்ல கணக்கு இருக்கிறது. கப்பலின் விரைவு கூடக்கூட அதற்குத் தேவைப்படும் ஆற்றல் அதே விகிதத்தில் கூடுவதில்லை. தோராயமாக, விரைவின் முப்படிக்கு ஏற்ப ஆற்றல் கூடுகிறது. விரைவு இரு மடங்கானால் ஆற்றல் எட்டு மடங்காகிறது. மணிக்கு 12 கடல்மைல் செல்லும் கப்பல் 22 கடல்மைலுக்கு விரைவைக் கூட்டினால், மணிக்குச் செலவாகும் எரிபொருள் ஏறத்தாழ ஆறு மடங்காகும். ஒரே தொலைவைக் கடப்பதற்கான எரிபொருளோ மூன்று மடங்குக்கும் அதிகமாகும்.

கெடா வகைக் கப்பல் மணிக்கு 12 கடல்மைல் விரைவில் சென்றால், எரிபொருள் நிரப்பாமல் ஏறத்தாழ 6,000 கடல்மைல் பயணம் செய்யவல்லது. 6,000 கடல்மைலை 12ஆல் வகுத்தால் 500 மணிநேரம். 500ஐ 24ஆல் வகுத்தால் ஏறத்தாழ 21 நாள். மூன்று வாரம் கடலிலேயே இருக்கலாம் என்று பொருள். அதே கப்பல் எப்போதும் உச்ச விரைவிலேயே சென்றால், மேற்கூறிய விகிதப்படி 1,800 கடல்மைலுக்குள்ளாகவே எரிபொருள் தீர்ந்துபோகும். மூன்றரை நாளில் திரும்ப வேண்டியிருக்கும். ரோந்துக் கப்பல் மெதுவாகச் செல்வதன் பொருள் இப்போது விளங்கும். அதன் வலிமை ஓட்டத்தில் இல்லை, நீடித்திருப்பதில் இருக்கிறது.

நீடித்திருத்தல் என்பது எரிபொருளை மட்டும் பொறுத்ததன்று. ஏறத்தாழ 70 பேர் மூன்று வாரம் உண்ணவும் குடிக்கவும் குளிக்கவும் வேண்டும். நெடும்பயணக் கப்பல்களில் கடல்நீரை நன்னீராக்கும் கருவி, குளிர்பதன அறை, மருத்துவ அறை ஆகியவை படைக்கருவிகளுக்கு நிகரான இடத்தைப் பெறுவதற்கு இதுவே காரணம்.

கப்பலின் நீண்ட கைகள்

மெதுவாகச் செல்லும் கப்பல், விரைந்து தப்பியோடும் படகை எவ்வாறு பிடிக்கும்? கப்பல் தானே ஓடிப் பிடிப்பதில்லை. தன் கைகளை நீட்டுகிறது. முதற்கை, கப்பலிலிருந்து இறக்கப்படும் விரைவுப் படகு. அடிப்பகுதி உறுதியாகவும் ஓரங்கள் காற்றடைத்த குழாய்களாகவும் அமைந்த அப்படகில் ஆயுதம் தாங்கிய வீரர் சிலர் சென்று, ஐயத்திற்குரிய கலத்தில் ஏறிச் சோதனையிடுவர்.

இரண்டாவது கை ஹெலிகாப்டர். கப்பலின் பின்பகுதியில் அதற்கான இறங்குதளமும் கொட்டகையும் உள்ளன. 200 கடல்மைல் தொலைவிலுள்ள ஓரிடத்தை அடையக் கப்பலுக்கு, உச்ச விரைவிலும் ஒன்பது மணிநேரம் ஆகும். சிக்கன விரைவில் ஏறத்தாழ பதினேழு மணிநேரம். மணிக்கு 120 கடல்மைல் பறக்கும் ஹெலிகாப்டருக்கோ இரண்டு மணிநேரமும் ஆகாது. உயரத்திலிருந்து நோக்குவதால் அதன் பார்வையும் நெடுந்தொலைவு செல்லும். காயமடைந்த மீனவர் ஒருவரைக் கரை சேர்ப்பதற்கும் அதுவே வழி.

மூன்றாவது, படைக்கருவிகள். முன்பகுதியில் 76 மில்லிமீட்டர் பீரங்கி ஒன்று உள்ளது. இத்தாலிய வடிவமைப்பில் உருவான இவ்வகைப் பீரங்கி, நிமிடத்திற்கு நூற்றுக்கும் மேற்பட்ட குண்டுகளைச் சுடவல்லது. சிறிய இலக்குகளுக்கென 30 மில்லிமீட்டர் துப்பாக்கியும் உண்டு. வானையும் கடற்பரப்பையும் துழாவும் ரேடார், ஒளிக்கருவிகள் ஆகியவை திரட்டும் செய்திகள் யாவும் கப்பலின் நடுவே உள்ள போர்ச்செய்தி அறையில் ஒருங்கிணைக்கப்படுகின்றன. ரோந்துப் பணியில் பீரங்கி முழங்கும் நாள் மிக அரிது. அது முழங்காமலிருக்க வேண்டுமென்பதே அதனை ஏந்திச் செல்வதன் நோக்கம்.

இடம் உண்டு, ஏவுகணை இல்லை

கெடா வகையின் வடிவமைப்பு ஜெர்மனியின் புளோம் உண்ட் ஃபோஸ் கப்பல்தளத்திலிருந்து பிறந்தது. மெக்கோ என்பது அவ்வடிவமைப்புக் குடும்பத்தின் பெயர். 'பல்பயன் இணைப்பு' எனப் பொருள்படும் ஜெர்மானியச் சொற்களின் சுருக்கம் அது. பீரங்கி, ரேடார், ஏவுகணை போன்றவற்றை நிலையான அளவுள்ள அடக்கங்களில் பொருத்தி, அவ்வடக்கங்களைக் கப்பலில் இறக்கி இணைப்பது இதன் அடிப்படைக் கருத்து. ஒரு கருவி பழுதானாலோ பழமையானாலோ, கப்பலின் உடலை அறுத்துப் பிரிக்காமல் அந்த அடக்கத்தை மட்டும் மாற்றிக்கொள்ளலாம். 1980களின் தொடக்கத்தில் நைஜீரியக் கடற்படைக்காகக் கட்டப்பட்ட கப்பலே இம்முறையின் முதற்பயன்.

இக்கருத்தின் பயனாகவே கெடா வகைக் கப்பல்களில் கப்பல் எதிர்ப்பு ஏவுகணைகளுக்கும் வான்காப்பு ஏவுகணைகளுக்கும் இடம் ஒதுக்கப்பட்டது. ஆனால் ஏவுகணைகள் பொருத்தப்படவில்லை. வீட்டிற்கு மாடி எழுப்பத் தூண் நிறுத்திவிட்டு, பொருள் சேர்ந்தபின் கட்டலாமென விட்டுவைப்பது நம்மிடையே உள்ள வழக்கம். அதற்கு ஒப்பான முடிவு இது.

இம்முடிவைப் பற்றி இருவேறு கருத்துகள் உள்ளன. மீன் திருட்டு, கடத்தல், கடற்கொள்ளை ஆகியவற்றைத் தடுக்க ஏவுகணை தேவையில்லை. அதற்காகும் செலவில் கூடுதல் நாள்கள் கடலில் இருக்கலாம் என்பது ஒரு கருத்து. உரிமைப் பூசல் நிலவும் கடலில் அண்டை நாடுகளின் கப்பல்கள் வலிமை பெற்றுவரும்போது, 1,850 டன் எடையுள்ள கலத்தைப் பீரங்கியோடு மட்டும் அனுப்புவது அதன் மாலுமிகளுக்கு நீதியாகுமா என்பது மற்றொரு கருத்து. இரண்டிலும் உண்மை இருக்கிறது. அமைதிக் காலத்திற்குப் பொருத்தமான கலம், அமைதி குலையும் நாளில் குறையுடையதாகிவிடும். அக்குறையை எந்த அளவு ஏற்றுக்கொள்வது என்பதைப் பொறியியல் முடிவு செய்வதில்லை. ஒரு நாட்டின் அரசும் மக்களும் முடிவு செய்கிறார்கள்.

இருபத்தேழு ஆறான கதை

மலேசியக் கடற்படை 1980களிலேயே இரண்டு தொலைகடல் ரோந்துக் கப்பல்களைப் பெற்றிருந்தது. ஒன்று தென்கொரியாவிலும் மற்றொன்று ஜொகூரின் பாசிர் கூடாங்கிலும் கட்டப்பட்டன. பின்னர், 1990களில், புதிய தலைமுறை ரோந்துக் கப்பல்கள் 27 வேண்டும் என்னும் பெருந்திட்டம் தீட்டப்பட்டது. அதன் முதற்கட்டமாக ஆறு கப்பல்களுக்கான ஒப்பந்தம் 1998இல் உள்நாட்டு நிறுவனம் ஒன்றிற்கு வழங்கப்பட்டது. முதல் இரண்டு கப்பல்களின் கட்டுமானம் ஜெர்மனியில் தொடங்குவது, எஞ்சியவற்றைப் பேரா மாநிலத்தின் லூமுட்டில் கட்டுவது, அதன்வழி உள்நாட்டுத் தொழிலாளர் கப்பல் கட்டும் கலையைக் கற்பது என்பது ஏற்பாடு.

நோக்கம் நன்று, நடைமுறை இடறியது. ஒப்பந்தம் பெற்ற நிறுவனம் நிதி நெருக்கடியிலும் நிருவாகக் குறைபாட்டிலும் சிக்கியது. பணிகள் தேங்கின. 2005இல் வேறொரு குழுமம் கப்பல்தளத்தை ஏற்று நடத்த வேண்டியதாயிற்று. ஆறு கப்பல்களுக்கான விலை 5.35 பில்லியன் ரிங்கிட்டிலிருந்து 6.75 பில்லியன் ரிங்கிட்டாக உயர்ந்தது. தலைமைக் கணக்காய்வாளரின் 2006ஆம் ஆண்டறிக்கை இத்திட்டத்தின் குறைகளை வெளிப்படையாக எடுத்துரைத்தது.

ஆயினும் கப்பல்கள் கடலில் இறங்கின. கெடாவும் பகாங்கும் 2006இல் படையில் சேர்ந்தன. பேராவும் திரெங்கானுவும் 2009இலும், கிளந்தானும் சிலாங்கூரும் 2010இலும் சேர்ந்தன. அத்துடன் வரிசை நின்றது. 27 என்னும் எண் ஏட்டளவில் தங்கிவிட்டது. 1980களின் இரண்டு பழைய கப்பல்களும் 2006இல் மலேசியக் கடல்துறை அமலாக்க நிறுவனத்திற்கு மாற்றப்பட்டன. 'இரண்டாம் தலைமுறை ரோந்துக் கப்பல்' என்னும் பெயரில் பின்னர்த் தொடங்கி, கரையோரப் போர்க்கப்பல் எனப் பெயர் மாறிய அடுத்த திட்டமும் காலத்தில் முடியவில்லை. பெருந்தொகை செலுத்தப்பட்ட பின்னரும் ஒரு கப்பல்கூட நிறைவடையவில்லை என்று 2022இல் நாடாளுமன்றப் பொதுக் கணக்குக் குழு அறிவித்தது.

இதனால் விளைந்தது யாது? இருபத்தேழு கப்பல்கள் பகிர்ந்துகொள்ள வேண்டிய சுமையை ஆறு கப்பல்கள் தோளில் ஏற்றிக்கொண்டன. ஆறு கப்பல்கள் என்றால் ஆறும் எப்போதும் கடலில் இருக்கும் என்று பொருளன்று. கடற்படைகளின் பொது அனுபவத்தில் ஒரு கப்பல் கடலிலிருக்கும்போது இன்னொன்று பழுதுபார்ப்பிலும் மற்றொன்று பயிற்சியிலும் இருக்கும். ஆக, எந்தவொரு நாளிலும் கடலில் காணக்கூடியவை இரண்டோ மூன்றோதான். ஏட்டில் தவறிய ஒரு கணக்கு, கடலில் ஒரு மாலுமி வீட்டைப் பிரிந்திருக்கும் நாள்களாக நீள்கிறது.

2015 ஜூன்: எழுத்துகள் மறைந்த கப்பல்

இக்கப்பல்களின் பணி எத்தகையது என்பதை ஒரு நிகழ்ச்சியைக் கொண்டு விளக்குவோம். 2015 ஜூன் மாதம், ஒர்கிம் ஹார்மோனி என்னும் மலேசிய எண்ணெய்க் கப்பல் மலாக்காவிலிருந்து குவாந்தானுக்குச் சென்றுகொண்டிருந்தது. அதில் ஏறத்தாழ 6,000 டன் பெட்ரோலும் 22 ஊழியர்களும் இருந்தனர். ஜூன் 11ஆம் நாள் ஜொகூர்க் கரைக்கு அப்பால் அதனுடனான தொடர்பு அறுந்தது. கடற்கொள்ளையர் அதனைக் கைப்பற்றியிருந்தனர்.

சில நாள்களுக்குப் பின், வானிலிருந்து தேடியோர் கண்ணில் ஒரு கப்பல் பட்டது. அதன் பெயர் கிம் ஹார்மோன் என்றிருந்தது. கொள்ளையர் பழைய பெயரின் முதலிலும் ஈற்றிலும் உள்ள எழுத்துகளின்மேல் வண்ணம் பூசி மறைத்து, புதுப்பெயர் ஒன்றை ஆக்கியிருந்தனர். எழுத்துகளைக் கற்பிக்கும் நம்மனோர்க்கு இதில் ஒரு வியப்பு உண்டு: ஒரு பெரிய கப்பலை மறைக்கச் சில எழுத்துகளை அழித்தால் போதுமென அவர்கள் நம்பினர். கூர்ந்து படிப்பவர் இருக்கும்வரை அது போதாது.

பின்னர் மலேசியக் கடற்படைக் கப்பல்கள் அதனைப் பின்தொடர்ந்தன. அவற்றுள் கெடா வகையைச் சேர்ந்த கே.டி. திரெங்கானுவும் ஒன்று. இங்கு நாம் கருத வேண்டியது, அக்கப்பல் செய்யாமல் விட்டதை. அதனிடம் 76 மில்லிமீட்டர் பீரங்கி இருந்தது. எதிரே இருந்ததோ 6,000 டன் பெட்ரோலும் பிணையாகப் பிடிக்கப்பட்ட ஊழியர்களும். ஒரு குண்டு தவறினால் அனைத்தும் தீக்கிரையாகும். ஆகவே கடற்படை சுடவில்லை. விலகிச் செல்லவும் இல்லை. பார்வை எல்லைக்குள் இருந்துகொண்டு, பேசிக்கொண்டு, காத்துக்கொண்டு பின்தொடர்ந்தது. தப்ப வழியில்லை எனக் கண்ட கொள்ளையர் எண்மர், ஜூன் 18ஆம் நாள் இரவில் கப்பலின் உயிர்காப்புப் படகில் ஏறி ஓடினர். மறுநாள் கடற்படையினர் எண்ணெய்க் கப்பலில் ஏறினர். ஊழியர் ஒருவர் துப்பாக்கிக் காயமடைந்திருந்தார். 22 பேரும் உயிருடன் மீண்டனர். தப்பியோடிய எண்மர் வியட்நாமின் தீவொன்றருகே பிடிபட்டனர்.

முன்னர்ச் செய்த கணக்கை இங்கு நினைவுகூர்வோம். விரைந்து வந்து, எரிபொருள் தீர்ந்து, திரும்பிப் போகும் கலமாக இருந்திருந்தால் கொள்ளையர் காத்திருந்தே வென்றிருப்பர். நீடித்திருக்கும் ஆற்றலே அங்கு உயிர்களைக் காத்தது.

கடற்சொற்களும் நாமும்

கப்பலைப் பற்றிப் பேசத் தமிழில் சொல்லில்லை என்று மாணவர் சிலர் எண்ணுவதுண்டு. உண்மை வேறு. கப்பலின் முன்பகுதிக்கு 'அணியம்' என்னும் சொல் உண்டு. கப்பலின் முதுகெலும்பாக அடியில் நீளும் மரத்திற்கு 'ஏரா' என்னும் பெயரை அகராதி காட்டுகிறது. நாவாய், வங்கம், கலம், மரக்கலம் எனக் கப்பலுக்கே பல பெயர்கள். கட்டுமரம் என்னும் நம் சொல் உலக மொழிகளில் வழங்குகிறது.

கடல் ஒருவழிப் பாதையன்று. நாம் கொடுத்தது போலவே பெற்றும் இருக்கிறோம். நங்கூரம் பாரசீகத் தொடர்பால் வந்தது. சுக்கான் அரபு மொழியிலிருந்து வந்தது. மாலுமி என்னும் சொல்லின் வரலாறு ஆசிரியர்க்கு உவப்பளிக்கும். அரபு மொழியில் 'முஅல்லிம்' என்பதற்குக் கற்பிப்பவர் என்பது பொருள். வழியறிந்து கப்பலைச் செலுத்துபவரை அராபியக் கடலோடிகள் அப்பெயரால் அழைத்தனர். அச்சொல்லே தமிழில் மாலுமியாகவும் மலாயில் 'மாலிம்' ஆகவும் உருப்பெற்றது. கடலில் வழிகாட்டுபவரும் வகுப்பில் வழிகாட்டுபவரும் ஒரே பெயருக்குரியவர்.

ஒரு மொழி தன் காலத்துப் பொருள்களைப் பற்றிப் பேசும்வரையில்தான் அதன் சொற்கள் கூர்மையாக இருக்கும். அணியமும் ஏராவும் மங்கியதற்குக் காரணம், அவை குறித்த பொருள்களைப் பற்றி நாம் தமிழில் பேசுவதை நிறுத்திக்கொண்டதே. மீண்டும் பேசத் தொடங்கும்போது, பழஞ்சொல் பொருந்துமிடத்தில் அதனையும், ரேடார், டீசல், ஹெலிகாப்டர் போன்று மக்கள் வழக்கில் ஊன்றிவிட்ட சொற்களை அவ்வாறேயும் ஆள்வது முறையாகும். சொல்லின் பிறப்பிடத்தை விட, அது பொருளைச் சரியாகக் காட்டுகிறதா என்பதே நாம் கேட்க வேண்டிய முதல் வினா. 'கடலோரம்' என்னும் நல்ல தமிழ்ச் சொல்லே இக்கப்பலைப் பொறுத்தவரை பிழையான பொருளைத் தந்ததை முன்னரே கண்டோம்.

நிறைவாக

கெடா வகைக் கப்பல்கள் இன்று இளமையைக் கடந்துவிட்டன. கடற்படையில் இருந்த 15 வகைக் கப்பல்களை ஐந்தாகக் குறைக்கும் திட்டம் வகுக்கப்பட்டபோது, தக்கவைத்துக்கொள்ள வேண்டிய ஐந்தில் ஒன்றாக இவ்வகை இடம்பெற்றது. அவற்றில் விட்டுவைக்கப்பட்ட இடங்கள் ஒருநாள் நிரப்பப்படுமா என்பது இனிவரும் தலைமுறையின் முடிவு. அத்தலைமுறை இன்று நம் வகுப்பறைகளில் அமர்ந்திருக்கிறது.

ஆசிரியர்கள் இக்கட்டுரையிலிருந்து ஒன்றை மட்டும் வகுப்பிற்கு எடுத்துச் செல்வதாயின், 6,000ஐ 12ஆல் வகுக்கும் அந்தச் சிறு கணக்கை எடுத்துச் செல்லலாம். கரும்பலகையில் அதனை எழுதி, விடையாக வரும் 500 மணிநேரத்தில் ஒரு மாலுமி எத்தனை முறை உறங்கி எழுந்திருப்பார், எத்தனை வேளை உண்டிருப்பார், வீட்டில் அவருக்காகக் காத்திருப்போர் எத்தனை நாள் எண்ணியிருப்பர் என்று மாணவரைத் தமிழில் எழுதச் சொல்லலாம். கணக்கும் மொழியும் ஒரே பாடமாகும் வகுப்பு அது.